தூக்காதீர்கள், அழுத்துங்கள்!

(தாம்பரத்தில் இளைஞர்களுக்கும் வணிகர்களுக்கும் நடத்தப்பட்ட முதலுதவிப் பயிற்சி முகாமில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



கடையை அடைத்து விட்டு வந்திருக்கிறீர்கள். ஞாயிற்றுக்கிழமை மாலை தாம்பரத்தில் கடையை அடைப்பது எவ்வளவு நஷ்டம் என்பது எனக்குத் தெரியும். ஆகவே நேராக விஷயத்துக்கு வருகிறேன்.

சண்முகம் சாலையில் ஒரு துணிக்கடை என்று வைத்துக் கொள்ளுங்கள். கல்லாவில் இருப்பவருக்கு வயது 52. பெருநாளைக்கு முந்தின வாரம், கடை நிறையக் கூட்டம். சில்லறை எண்ணிக் கொண்டிருந்தவர் அப்படியே சாய்ந்து தரையில் விழுகிறார். அடுத்து என்ன நடக்கும்? என்னைவிட நீங்களே நன்றாகச் சொல்வீர்கள். ஒருவர் முகத்தில் தண்ணீர் தெளிப்பார். ஒருவர் சோடா வாங்க ஓடுவார். கை கால் லேசாக இழுத்துக் கொண்டால் "வலிப்பு, வலிப்பு" என்று ஒருவர் சாவிக்கொத்தைக் கையில் திணிப்பார். தள்ளி நில்லுங்கள், காற்று வரட்டும் என்று ஒரே சத்தம். பிறகு நாலு பேர் சேர்ந்து தூக்கி, ஓர் ஆட்டோவில் மடக்கி உட்கார வைத்து, தலையை ஒருவர் தோளில் சாய்த்துக் கொண்டு, ஜி.எஸ்.டி. சாலை நெரிசலில் ஹாரன் அடித்தபடி போவார்கள். போய்ச் சேர்ந்ததும் டாக்டர் கண்ணில் டார்ச் அடித்துப் பார்த்து விட்டு, "கொண்டு வரும்போதே உயிர் இல்லை" என்பார்.

அத்தனை பேரும் நல்லவர்கள். அத்தனை பேரும் ஓடினார்கள். ஆனால் அந்த மனிதருக்குத் தேவைப்பட்ட ஒரு காரியத்தை அந்தப் பத்துப் பதினைந்து நிமிடத்தில் ஒருவரும் செய்யவில்லை. அவருடைய நெஞ்சின் மீது யாரும் கை வைத்து அழுத்தவில்லை. அதைப் பற்றித்தான் பேச வந்திருக்கிறேன்.

ஒரே பெயர், இரண்டு ஆபத்துகள்

2016 டிசம்பர் 4ஆம் தேதி மாலை உங்களுக்கு நினைவிருக்கும். செப்டம்பர் 22 முதல் சென்னை அப்போலோ மருத்துவமனையில் இருந்த முதலமைச்சர் ஜெயலலிதாவுக்கு "கார்டியாக் அரெஸ்ட்" ஏற்பட்டது என்று மருத்துவமனை அறிவித்தது. தொலைக்காட்சிகளில் "மாரடைப்பு" என்று எழுத்து ஓடியது. எக்மோ என்ற சொல்லையும் அன்றுதான் தமிழ்நாடு கற்றுக் கொண்டது. மறுநாள் இரவு அவர் காலமானார். அந்த மரணத்தைச் சுற்றி எழுந்த அரசியலுக்குள் நான் போகப் போவதில்லை. அந்த ஒரு சொல்தான் எனக்கு முக்கியம். கார்டியாக் அரெஸ்ட் என்பது மாரடைப்பு அல்ல. நம் பத்திரிகைகள் இரண்டையும் ஒரே பெயரில் எழுதி எழுதி, நாமும் இரண்டையும் ஒன்றாகவே நினைத்துப் பழகி விட்டோம். இந்தக் குழப்பத்தினால்தான் விழுந்தவரைத் தூக்கிக் கொண்டு ஓடுகிறோம்.

வித்தியாசம் என்ன? வீட்டு போர் மோட்டாரை எடுத்துக் கொள்ளுங்கள். குழாயில் அடைப்பு விழுந்து தண்ணீர் வரத்துக் குறைவது ஒரு கோளாறு. மோட்டாருக்கு வரும் மின்சாரம் தாறுமாறாகி மோட்டாரே நின்று போவது இன்னொரு கோளாறு. இதயத் தசைக்கு இரத்தம் கொண்டு போகும் குழாய் அடைபடுவது மாரடைப்பு. அப்போது இதயம் துடித்துக் கொண்டுதான் இருக்கும். ஆள் பேசுவார், வியர்ப்பார், நெஞ்சைப் பிடித்துக் கொள்வார், தண்ணீர் கேட்பார். மருத்துவமனைக்குக் கொண்டு போகக் கொஞ்சம் அவகாசம் இருக்கிறது.

இதய நிறுத்தம் அப்படியல்ல. பெரியவர்களுக்கு வரும்போது பல நேரங்களில் இதயத்துக்குள் ஓடும் மின்சார ஒழுங்கு சிதறி விடுகிறது. வலையில் அகப்பட்ட மீன்களைப் போல இதயத் தசைகள் தனித்தனியாகத் துடிக்கின்றன. ஒரு சொட்டு இரத்தமும் வெளியே போவதில்லை. சில விநாடிகளில் ஆள் நினைவிழந்து விழுகிறார். நாலைந்து நிமிடங்களில் மூளை சாகத் தொடங்குகிறது. யாரும் நெஞ்சை அழுத்தாமல் கழிகிற ஒவ்வொரு நிமிடத்துக்கும் பிழைக்கும் வாய்ப்பு நூற்றுக்கு ஏழு முதல் பத்து வீதம் குறைகிறது. பத்து நிமிடக் கணக்கை நீங்களே போட்டுக் கொள்ளுங்கள். கணக்கு உங்களுக்கு நான் சொல்லித் தர வேண்டியதில்லை.

முதலாவது இரண்டாவதில் போய் முடிவதும் உண்டு. நடிகர் விவேக்கை 2021 ஏப்ரல் 16 அன்று வீட்டிலிருந்து வடபழனியில் உள்ள மருத்துவமனைக்கு நினைவிழந்த நிலையில் கொண்டு வந்தார்கள். இதயத்தின் முக்கியமான இரத்தக் குழாய் முழுவதும் அடைபட்டிருந்தது. மருத்துவர்கள் எல்லா முயற்சியும் செய்தார்கள். மறுநாள் அதிகாலை காலமானார். முந்தின நாள் அவர் போட்டுக் கொண்ட தடுப்பூசிதான் காரணம் என்று ஊரெல்லாம் பேசினார்கள். தொடர்பில்லை என்று ஆய்வுக் குழு பின்னர் சொன்னது எத்தனை பேர் காதில் விழுந்தது? வதந்தி போன வேகத்தில் நெஞ்சை அழுத்தும் பாடம் போயிருந்தால் இன்று நான் இங்கே பேச வேண்டியிருக்காது.

அப்துல் கலாம் அவர்களும் 2015 ஜூலை 27 அன்று ஷில்லாங்கில் மாணவர்களுக்கு உரை நிகழ்த்திக் கொண்டிருக்கும்போதே சரிந்தார். வயது 83. அதற்கும் நம் பத்திரிகைகள் போட்ட பெயர் மாரடைப்புத்தான்.

சக்ராத் அல்ல, இதய நிறுத்தம்

எப்படிக் கண்டுபிடிப்பது? இரண்டே கேள்விகள். தோளைத் தட்டி உரக்கக் கூப்பிட்டால் பதில் வருகிறதா? மூச்சு சாதாரணமாக இருக்கிறதா? இரண்டுக்கும் இல்லை என்றால் இதயம் நின்று விட்டது என்றே எடுத்துக் கொள்ளுங்கள். நாடி பிடித்துப் பார்த்துக் கொண்டிருக்காதீர்கள். பதற்றத்தில் உங்கள் விரலில் துடிப்பது உங்கள் நாடியாகவே இருக்கும். பத்து விநாடிக்குள் முடிவெடுங்கள்.

இங்கே ஒன்றை நிறுத்திச் சொல்ல வேண்டும். "சாதாரணமாக" என்று ஏன் சொன்னேன்? இதயம் நின்ற பிறகும் சில நிமிடங்கள் சிலருக்கு வாய் திறந்து திறந்து மூடும். குறட்டை போல ஒரு சத்தத்தோடு எப்போதோ ஒரு தடவை மூச்சை இழுப்பார்கள். பார்ப்பவர்கள் "மூச்சு இருக்கிறது, ஒன்றும் ஆகாது" என்று தைரியம் சொல்வார்கள். அது மூச்சே அல்ல. மூளைத் தண்டு கடைசியாக அனுப்பும் தகவல் அது. நம் வீடுகளிலோ இன்னொன்று நடக்கிறது. அந்த இழுப்பைப் பார்த்ததும் "சக்ராத் வந்து விட்டது" என்று பெரியவர் ஒருவர் சொல்வார். உடனே யாராவது ஸம்ஸம் தண்ணீரை வாயில் ஊற்றுவார்கள். எல்லோரும் ஓத ஆரம்பிப்பார்கள்.

தவறாக எண்ணாதீர்கள். மாதக் கணக்கில் படுக்கையில் கிடந்து, மருத்துவர் கைவிட்டு, வீட்டுக்கு அனுப்பி வைத்த முதியவரின் கடைசி நேரம் வேறு. காலையில் சஹர் செய்து, லுஹர் வரை வியாபாரம் பார்த்து விட்டு, அஸருக்கு முன் விழுந்தவரின் நிலைமை வேறு. இரண்டாமவருக்கு அந்த இழுப்பு வருகிறது என்றால், இப்போதுதான் நின்றிருக்கிறது, காப்பாற்ற நேரம் இருக்கிறது என்று அர்த்தம். நினைவில்லாதவர் வாயில் ஊற்றும் தண்ணீர் நுரையீரலுக்குத்தான் போகும். மவ்த் என்று முடிவு சொல்ல வேண்டியவர் மருத்துவர். கூடி நிற்கிற நாம் அல்ல.

கை கால் இழுப்பதும் அப்படித்தான். மூளைக்கு இரத்தம் நின்றதும் சில விநாடிகள் வலிப்பு மாதிரி வெட்டி இழுக்கலாம். சாவிக்கொத்து எதற்கும் மருந்தல்ல. உண்மையான வலிப்புக்கும் அல்ல. சாவி தேடிப் போகும் நேரத்தில் மூச்சைப் பாருங்கள்.

இரண்டு கைகளின் வேலை

1960இல் அமெரிக்காவின் ஜான்ஸ் ஹாப்கின்ஸில் மூன்று பேர் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். அதற்கு முன்பெல்லாம் இதயம் நின்றால், மார்பைக் கத்தியால் பிளந்து உள்ளே கை விட்டு இதயத்தைப் பிசைவார்கள். மூடிய நெஞ்சின் மீது வெளியிலிருந்து அழுத்தினாலே போதும், இரத்தம் ஓடும் என்று இந்த மூவரும் காட்டினார்கள். மூவரில் மூத்தவரான கௌவன்ஹோவன் மருத்துவர் அல்ல, மின் பொறியாளர். நிக்கர்பாக்கர் என்ற இளைஞர், நாயின் நெஞ்சில் மின் அதிர்வுக் கருவியின் தகடுகளை வைத்து அழுத்தியபோது, மின்சாரம் பாய்வதற்கு முன்பே அதன் இரத்த அழுத்தம் ஏறுவதைக் கவனித்தார். அதிலிருந்து பிறந்ததுதான் இன்று சி.பி.ஆர். என்கிறோமே, அது. இதயத்திலிருந்து இரத்தம் நுரையீரலுக்குப் போய்த் திரும்புகிறது என்று 13ஆம் நூற்றாண்டிலேயே எழுதியவர் இப்னு நஃபீஸ் என்று நாம் மேடைதோறும் பெருமை பேசுகிறோம். பேசலாம், தப்பில்லை. ஆனால் அந்த இரத்தத்தைக் கையால் ஓட வைக்க நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்?

இப்போது செய்முறை. விழுந்தவரை விழுந்த இடத்திலேயே மல்லாக்கக் கிடத்துங்கள். கட்டில், மெத்தை, ஆட்டோ இருக்கை எதுவும் ஆகாது. அழுத்தினால் மெத்தைதான் அமுங்கும். கெட்டித் தரை வேண்டும். ஒருவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு 108ஐ அழைக்கச் சொல்லுங்கள். "யாராவது போன் பண்ணுங்கள்" என்றால் ஒருவரும் பண்ண மாட்டார்கள். எல்லோரும் வீடியோதான் எடுப்பார்கள். தனியாக இருந்தால் நீங்களே போன் போட்டு, ஸ்பீக்கரில் வைத்து, தரையில் வைத்து விட்டு வேலையைத் தொடங்குங்கள்.

பக்கத்தில் மண்டியிடுங்கள். இரண்டு மார்புகளுக்கும் நடுவில், நெஞ்செலும்பின் கீழ்ப் பாதியில் ஓர் உள்ளங்கையின் அடிப்பகுதியை வையுங்கள். அதன் மேல் மறு கை. விரல்களைக் கோத்துக் கொள்ளுங்கள். முழங்கை மடங்கக் கூடாது. உங்கள் தோள் அவர் நெஞ்சுக்கு நேர் மேலே இருக்க வேண்டும். கைப் பலத்தால் அல்லாமல் உடல் எடையால் அழுத்துங்கள். ஐந்து சென்டிமீட்டர், அதாவது இரண்டு அங்குலம் உள்ளே போக வேண்டும். ஆறு சென்டிமீட்டரைத் தாண்ட வேண்டாம். ஒவ்வொரு அழுத்தத்துக்குப் பிறகும் நெஞ்சு முழுவதும் மேலே வர விடுங்கள். அப்போதுதான் இதயத்துக்குள் திரும்ப இரத்தம் நிறையும். நிமிடத்துக்கு 100 முதல் 120 தடவை, அதாவது ஒரு விநாடிக்கு இரண்டுக்குச் சற்றுக் குறைவு. வாய் விட்டு எண்ணிக் கொண்டே செய்யுங்கள்.

இரண்டு நிமிடத்தில் கை ஓய்ந்து விடும். ஜிம்முக்குப் போகிற தம்பிகளுக்கும் சேர்த்துத்தான் சொல்கிறேன். பக்கத்தில் இன்னொருவரைத் தயாராக வைத்துக் கொண்டு இரண்டு நிமிடத்துக்கு ஒரு தடவை மாறுங்கள். மாறும் இடைவெளி சில விநாடிகளுக்கு மேல் போகக் கூடாது. விலா எலும்பு "டக்" என்று முறியும் சத்தம் கேட்கலாம். நிறுத்தி விடாதீர்கள். முறிந்த எலும்பு சேரும்.

வாயோடு வாய் வைத்து ஊதத் தயக்கமாக இருந்தால், பெரியவர்களுக்கு ஊதாமல் அழுத்தினாலே போதும். நம் நாட்டு மயக்கவியல் மருத்துவர்களின் அமைப்பு 2017இல் பொதுமக்களுக்காக வகுத்த முறையும் அழுத்துவதை மட்டும் சொல்வதுதான். ஆனால் குழந்தைகளுக்கும் நீரில் மூழ்கியவர்களுக்கும் இது போதாது. அவர்களுக்கு மூச்சு நின்ற பிறகுதான் இதயம் நிற்கிறது. ஆகவே மூச்சும் கொடுக்க வேண்டும்: 30 அழுத்தம், 2 ஊதல். பல்லாவரம், திரிசூலம் பக்கத்துப் பழைய கல்குவாரிக் குட்டைகளில் கோடை விடுமுறையில் குளிக்கப் போகும் பையன்களை நினைத்துத்தான் இதைச் சொல்கிறேன். தூக்கிக் கரையில் போட்டதும் வயிற்றை அமுக்கித் தண்ணீர் எடுக்கிறேன் என்று நேரத்தை வீணாக்காதீர்கள்.

மின்சாரம் தாக்கினாலும் இதே இதய நிறுத்தம்தான். 2015 டிசம்பர் வெள்ளத்தில் முடிச்சூர், வரதராஜபுரம் தெருக்களில் படகோட்டியவர்கள் இந்தக் கூட்டத்திலேயே இருக்கலாம். தண்ணீர் நிற்கிற வீட்டில் ஒருவர் கிடந்தால், முதலில் மெயினை அணைத்த பிறகு தொடுங்கள். இல்லாவிட்டால் அழுத்த வேண்டியவர்கள் இரண்டு பேராகி விடுவார்கள்.

பெண் விழுந்தால்?

இதையும் வெளிப்படையாகவே பேசி விடுவோம். கடைக்கு வந்த ஒரு பெண் விழுகிறார். கடையில் எல்லாம் ஆண்கள். தொடலாமா? இந்தத் தயக்கம் நமக்கு மட்டும் உள்ளது என்று நினைக்காதீர்கள். அமெரிக்காவில் பொது இடங்களில் விழுந்தவர்களைப் பற்றி 2017இல் வெளியான ஆய்வில், ஆண்களில் நூற்றுக்கு 45 பேருக்கு அங்கிருந்தவர்கள் நெஞ்சை அழுத்தியிருக்கிறார்கள். பெண்களில் 39 பேருக்குத்தான். அந்த வித்தியாசத்தில் உயிர்கள் போகின்றன. நிர்ப்பந்தம் விலக்கப்பட்டதை ஆகுமாக்கும் என்ற விதியில் மத்ஹபுகளுக்குள் கருத்து வேறுபாடு கிடையாது. உடையைக் களைய வேண்டியதில்லை. துணியின் மேலேயே அழுத்தலாம். பயிற்சி பெற்ற பெண் ஒருவர் வந்தால் அவர் தொடரட்டும். வரும் வரை காத்திருக்கக் கூடாது.

இன்னொன்று. இதய நிறுத்தங்களில் பெரும்பான்மை வீட்டில்தான் நடக்கின்றன. ஆண்களுக்கு மட்டும் முகாம் நடத்தினால், நீங்கள் கடையில் விழுந்தால் ஆள் உண்டு. வீட்டில் விழுந்தால் இல்லை. அதனால்தான் திரைக்கு அப்பாலும் ஒரு பொம்மை வைக்கச் சொன்னேன்.

போலீஸ் பயம்

"தொட்டு ஏதாவது ஆகிவிட்டால் நம் தலையில் விழுமே, ஸ்டேஷனுக்கு அலைய வைப்பார்களே" என்ற பயம் நம் இளைஞர்களுக்கு மற்றவர்களைவிடக் கூடுதலாக இருக்கிறது. அதற்குக் காரணங்கள் உண்டு, நான் மறுக்கவில்லை. ஆனால் சட்டத்தைத் தெரிந்து கொள்ளுங்கள். சாலை விபத்தில் அடிபட்டவருக்கு உதவுகிறவர்களுக்கு 2019இல் மோட்டார் வாகனச் சட்டத்தில் சேர்க்கப்பட்ட 134ஏ பிரிவு பாதுகாப்பளிக்கிறது. இதய நிறுத்தம் சாலை விபத்தல்ல. ஆனால் சம்மதம் சொல்ல முடியாத நிலையில் இருக்கும் ஒருவரின் நன்மைக்காக நல்லெண்ணத்தோடு செய்யும் செயல் குற்றமாகாது என்று பழைய தண்டனைச் சட்டத்தின் 92ஆவது பிரிவு சொன்னது. 2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவில் அதுவே 30ஆவது பிரிவாக இருக்கிறது. இதயம் நின்றவருக்கு இதைவிட மோசமாக நாம் ஒன்றும் செய்து விட முடியாது என்பதும் ஞாபகம் இருக்கட்டும்.

இரண்டு மைதானங்கள்

பந்து விளையாடுகிற தம்பிகளுக்காக இதைச் சொல்கிறேன். 2004 டிசம்பர் 5, பெங்களூரு கண்டீரவா மைதானம். ஃபெடரேஷன் கோப்பை இறுதிப் போட்டி. டெம்போ அணிக்காக ஆடிய பிரேசில் வீரர் கிறிஸ்டியானோ ஜூனியர் தன் இரண்டாவது கோலை அடித்த அதே கணத்தில் மோகன் பகான் கோல்கீப்பரோடு மோதி விழுந்தார். வயது 25. பிழைக்கவில்லை. மைதானத்தில் மருத்துவ ஏற்பாடு போதாது என்று நாடெங்கும் சர்ச்சை எழுந்தது.

2021 ஜூன் 12, டென்மார்க்கின் கோபன்ஹேகன். ஐரோப்பியக் கோப்பை ஆட்டத்தின் நடுவே கிறிஸ்டியன் எரிக்சன் யாரும் மோதாமலே சரிந்தார். உடனே நெஞ்சை அழுத்தினார்கள்; ஒரு தடவை மின் அதிர்வு கொடுத்தார்கள்; மைதானத்திலேயே கண் விழித்தார். எட்டு மாதத்தில் திரும்ப ஆட வந்தார். 2024 ஐரோப்பியக் கோப்பையில் கோலும் அடித்தார்.

அவர் பணக்கார வீரர், சுற்றிலும் டாக்டர்கள் என்பீர்கள். சரி, அந்த நாட்டின் சாதாரண மக்களைப் பார்ப்போம். டென்மார்க்கில் 2005இல் பள்ளிக்கூடங்களில் இந்தப் பயிற்சியைக் கட்டாயமாக்கினார்கள். 2006இல் ஓட்டுநர் உரிமம் வேண்டுமானால் இதைக் கற்றிருக்க வேண்டும் என்றார்கள். 2001இல் மருத்துவமனைக்கு வெளியே இதயம் நின்றவர்களில் நூற்றுக்கு 21 பேருக்குத்தான் பக்கத்தில் இருந்தவர்கள் நெஞ்சை அழுத்தினார்கள். 2010இல் 45 பேருக்கு. முப்பது நாள் கழித்து உயிரோடு இருந்தவர்கள் நூற்றுக்கு 3.5இலிருந்து 10.8 ஆனார்கள். பத்து வருடத்தில் மூன்று மடங்கு! ஆம்புலன்ஸ் ஏற்பாடுகளும் சிகிச்சையும் முன்னேறியதும் அதில் சேர்ந்திருக்கிறது. ஆனாலும் தெருவில் போகிறவருக்குக் கற்றுக் கொடுத்ததன் பங்கு பெரிது.

நம் வண்டிகளில் என்ன இருக்கிறது?

2008இல் தமிழ்நாட்டில் 108 வந்தது. நல்ல சேவை. ஆனால் பெருங்களத்தூரிலிருந்து பல்லாவரம் வரை சாலை இருக்கும் நிலையில் எந்த வண்டியும் மூன்று நிமிடத்தில் பறந்து வராது. வரும் வரை அந்த இதயத்துக்குப் பதிலாக வேலை செய்ய வேண்டியவர் பக்கத்துக் கடைக்காரர்தான்.

நம் சமுதாய அமைப்புகளும் ஊருக்கு ஊர் ஆம்புலன்ஸ் ஓட்டுகின்றன. சுனாமியிலும் வெள்ளத்திலும் கொரோனாவிலும் சொந்த உறவே தொடப் பயந்த உடல்களை நம் இளைஞர்கள் சுமந்து அடக்கம் செய்தார்கள். சுமக்கத் தெரிந்த இந்தத் தோள்களில் எத்தனைக்கு அழுத்தத் தெரியும் என்று கேட்க எனக்கு உரிமை உண்டு. வண்டியில் ஸ்ட்ரெச்சர் இருக்கிறது, ஆக்சிஜன் சிலிண்டர் இருக்கிறது, பக்கவாட்டில் கொடியும் பெயரும் பெரிய எழுத்தில் இருக்கின்றன. ஏ.இ.டி. எனப்படும் தானியங்கி மின் அதிர்வுக் கருவி இருக்கிறதா?

சிதறிய மின் ஒழுங்கைத் திரும்ப ஒழுங்குக்குக் கொண்டு வருவது இந்தக் கருவிதான். அழுத்துவது மூளையைக் காப்பாற்றி நேரம் வாங்கிக் கொடுக்கும். பல பேருக்கு இதயத்தைத் திரும்ப ஓட வைப்பது மின் அதிர்வு. இயக்குவதற்குப் படிப்பு வேண்டாம். பட்டனை அமுக்கினால் அதுவே பேசும், தகடுகளை எங்கே ஒட்ட வேண்டும் என்று படம் போட்டிருக்கும், தேவையில்லாதவருக்கு அதிர்வு கொடுக்காது. விலை ஒரு லட்சம் ரூபாயை ஒட்டி வருகிறது. ஒரு கடைக்காரரால் முடியாது. ஒரு தெருவின் வியாபாரிகள் சங்கத்தால் முடியும். ஒரு பள்ளிவாசல் ஜமாஅத்தால் முடியும். இந்த வருடம் ஒரு தெருவில், ஒரே ஒரு கருவி. எந்தக் கடையில் இருக்கிறது என்று எல்லோருக்கும் தெரிய வேண்டும். பீரோவில் வைத்துப் பூட்டி, சாவியைச் செயலாளர் வீட்டுக்கு எடுத்துப் போகக் கூடாது!

விழுவதற்கு முன்

நெஞ்சில் பாரம் வைத்தது போல் அழுத்தம், இடது கை, தாடை, முதுகுக்குப் பரவும் வலி, குளிர்ந்த வியர்வை, மூச்சுத் திணறல். இவை வந்தால் "வாயு" என்று சோடா குடித்து விட்டுக் கல்லாவில் உட்கார்ந்திருக்காதீர்கள். சர்க்கரை உள்ளவர்களுக்கு வலியே இல்லாமல் வெறும் களைப்பாகவும் வரும். பைக்கை நீங்களே ஓட்டிக் கொண்டு மருத்துவமனைக்குப் போகாதீர்கள், 108ஐ அழையுங்கள். 2023இல் தமிழக அரசு தொடங்கிய "இதயம் காப்போம்" திட்டத்தில் ஆரம்ப சுகாதார நிலையங்களிலும் துணை சுகாதார நிலையங்களிலும் மாரடைப்புக்கான முதல் கட்ட மாத்திரைகளை வைத்திருக்கிறார்கள்: ஆஸ்பிரின் 2, குளோபிடோகிரெல் 4, அட்டோர்வாஸ்டாட்டின் 8, ஆக 14 மாத்திரைகள். மருத்துவ ஆலோசனைப்படி கொடுத்துப் பெரிய மருத்துவமனைக்கு அனுப்புவார்கள். இதைக் கேட்டு விட்டு நீங்களாகக் கடையில் வாங்கி விழுங்கி விடாதீர்கள். நோன்பு வைக்கும் இதய நோயாளிகள் மாத்திரை நேரத்தை எப்படி மாற்றுவது என்று ரமளானுக்கு முன்பே டாக்டரிடம் கேளுங்கள். மூன்றாம் நோன்பில் போய்க் கேட்காதீர்கள்.

"தனியாக இருக்கும்போது மாரடைப்பு வந்தால் இருமிக் கொண்டே இருங்கள், பிழைக்கலாம்" என்று ஒரு வாட்ஸ்அப் செய்தி வருடா வருடம் வருகிறது. பொய். இதயம் நின்றவருக்கு இருமவே முடியாது. இரும முடிகிறவர் போனை எடுத்து 108ஐ அழைக்கட்டும்.

சரி, கேள்விகளைப் பிறகு வைத்துக் கொள்வோம். மேடைக்குக் கீழே இரண்டு பொம்மைகள் இருக்கின்றன. சரியான ஆழத்துக்கு அழுத்தினால் உள்ளே "கிளிக்" என்று சத்தம் வரும். வரவில்லை என்றால் போதவில்லை. ஆளுக்கு இரண்டு நிமிடம். கடை திறக்கப் போக வேண்டியவர்கள் முதலில் வாருங்கள். சட்டைக் கையை மடித்துக் கொள்ளுங்கள்.